ரோமாபுரிச் சிப்பாயின் சம்பளச் சீட்டு

கையஸ் மெஸ்ஸியஸ் என்ற ரோமானியச் சிப்பாயின் சம்பளச் சீட்டு ஒன்று கிடைத்திருக்கிறது. ஆளுக்குச் சொந்த ஊர் பெய்ரூத். சாக்கடலை ஒட்டிய மசாடா மலைக்கோட்டையில் அகழாய்வு செய்தபோது அகப்பட்ட பாப்பிரஸ் துண்டு அது. யூதக் கிளர்ச்சியாளர்களின் கடைசிப் புகலிடமாக இருந்த அந்தக் கோட்டையை ரோமானியப் படை வளைத்துப் பிடித்த கி.பி. 70களைச் சேர்ந்தது. அந்தத் தவணைக்கு மெஸ்ஸியஸுக்குச் சேரவேண்டிய சம்பளம் 50 தெனாரியஸ், அதாவது ரோமானிய வெள்ளிக்காசு. பிடித்தங்கள் இவை: பார்லிக்கு 16, சாப்பாட்டுக்கு 20, பூட்ஸுக்கு 5, தோல் வார்களுக்கு 2, லினன் அங்கிக்கு 7. கூட்டிப் பாருங்கள், சரியாக 50. கைக்கு வந்தது பூஜ்யம்.

பார்லி குதிரைத் தீனி என்பதால் மெஸ்ஸியஸ் குதிரைப்படைக்காரராக இருக்கலாம் என்று அறிஞர்கள் ஊகிக்கிறார்கள். எனக்கென்னவோ அதைவிட அந்த பூட்ஸ் கணக்குதான் மனதில் நின்றது. உலகத்தையே ஆண்ட அரசு, தனக்காகச் சண்டை போடுகிறவனின் செருப்புக்கும் காசு பிடித்திருக்கிறது.

ரோமாபுரி என்றதும் நமக்கு சீசர், கிளியோபாட்ரா, பிடில் வாசித்த நீரோ என்று வரிசையாக வந்து நிற்கும். (அப்போது பிடில் என்ற வாத்தியமே கிடையாது, அது தனிக்கதை.) அந்த ஆட்களை ஓரமாக வைத்துவிட்டு, இந்தச் சிப்பாய்க்குச் சம்பளம் கொடுப்பது யார் என்ற ஒற்றைக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனால், ரோமானியச் சமுதாயத்தின் முக்கால்வாசி புரிந்துவிடும். யாருக்கு வாக்கு, யாருக்கு நிலம், யார் அடிமை, யார் குடிமகன் என்பதெல்லாம் அந்தக் கேள்விக்குச் சொன்ன பதிலைப் பொறுத்தே மாறிக்கொண்டு வந்தது.

இடையில் ஒரு சங்கதி. ரோமானியச் சிப்பாய்க்கு உப்பைச் சம்பளமாகக் கொடுத்தார்கள் என்று எங்கே பார்த்தாலும் எழுதியிருக்கும். லத்தீனில் சம்பளத்துக்கு ஒரு பெயர் 'சலாரியம்', உப்புக்கு 'சால்'. ஆனால் உப்பு மூட்டையைச் சம்பளமாக வாங்கிப்போன சிப்பாய்க்குச் சான்று ஒன்றும் இல்லை. சம்பா நெல்லும் உப்பளத்து உப்பும் சேர்ந்து 'சம்பளம்' ஆனது என்று நம் ஊரிலும் சொல்வார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, இரண்டுமே.

ஈட்டி வாங்கியவனுக்கே வாக்கு

ரோம் சிற்றூராக இருந்த காலத்தில் படைக்குச் சம்பளமே கிடையாது. நிலம் வைத்திருப்பவன் சொந்தக் காசில் ஈட்டியும் கேடயமும் வாங்கிக்கொண்டு சண்டைக்குப் போவான். முடிந்ததும் ஏருக்குத் திரும்பிவிடுவான். கி.மு. 406இல் தொடங்கிய வேயி நகர முற்றுகையின்போதுதான், குளிர்காலத்திலும் வீடு திரும்ப முடியாத நிலை வந்ததால், முதன்முதலாகச் சம்பளம் கொடுத்தார்கள் என்பது ரோமானிய மரபு.

ஆயுதம் வாங்க வசதியுள்ளவன் போர்வீரன். போர்வீரன் எவனோ அவனே வாக்காளன். கான்சல்கள் என்ற தலைமை ஆட்சியாளர்களைத் தேர்ந்தெடுத்த மக்கள் பேரவை, உள்ளபடிக்குப் படையின் அணிவகுப்பேதான். குடிமக்களைச் சொத்து மதிப்பின்படி 193 நூற்றுவர் குழுக்களாகப் பிரித்திருந்தார்கள். குழுவுக்கு ஒரு வாக்கு. குதிரைப்படைக் குடும்பங்களுக்கு 18 குழுக்கள், முதல் வகுப்புச் சொத்துக்காரர்களுக்கு 80. இந்த இரண்டும் சேர்ந்தாலே 98, பாதியைத் தாண்டிவிடும். மேலிருந்து கீழாக வாக்கெடுத்துக்கொண்டே வந்து, பெரும்பான்மை சேர்ந்ததும் நிறுத்திவிடுவார்கள். கீழே இருப்பவர்களுக்கு முறை வருவதற்குள் தேர்தல் முடிந்திருக்கும். சொத்தே இல்லாதவர்கள் எத்தனை ஆயிரம் பேர் இருந்தாலும் அத்தனை பேருக்கும் சேர்த்து ஒரே குழு. 'புரோலெட்டாரி' என்று அவர்களுக்குப் பெயர். பிள்ளை பெற்றுக் கொடுப்பதைத் தவிர நாட்டுக்கு வேறெதுவும் தர வழியற்றவர்கள் என்று பொருள். 19ஆம் நூற்றாண்டில் கார்ல் மார்க்ஸ் கையில் எடுத்து, நம் மேடைகளில் 'பாட்டாளி வர்க்கம்' என்று முழங்கும் சொல்லுக்கு மூலம் இதுதான். கி.மு. 3ஆம் நூற்றாண்டில் இந்தக் கணக்கைச் சற்றே திருத்தினார்கள், செல்வர்களின் கை மட்டும் தாழவில்லை.

பேரவை கூடுவது ஊருக்கு வெளியே, போர்க்கடவுள் மார்ஸின் பெயரால் அமைந்த திடலில். பொமேரியம் என்ற புனித எல்லைக்கு உள்ளே படை நுழையக் கூடாது. பேரவையும் ஒரு படை என்பதால் அதற்கும் உள்ளே இடமில்லை. கூட்டம் நடக்கும்போது ஆற்றுக்கு அக்கரையில் ஜானிகுலம் குன்றின்மேல் செங்கொடி பறக்கும். எதிரி வந்தால் எச்சரிப்பதற்காக ஆதியில் ஏற்பட்ட வழக்கம். கொடி இறங்கினால் கூட்டம் கலையும். எதிரி பயமெல்லாம் தீர்ந்து சில நூறு ஆண்டுகள் ஆன பிறகும் கொடியை மட்டும் விடவில்லை. கி.மு. 63இல் ரபீரியஸ் என்ற செனட்டர்மீது நடந்த கொலை வழக்கில் தீர்ப்பு பாதகமாகப் போகும்போல் தெரிந்ததும், ஓர் அதிகாரி ஓடிப்போய் அந்தக் கொடியை இறக்கிவிட்டார். கூட்டம் கலைந்தது, வழக்கும் போயிற்று.

இந்த ஏற்பாட்டில் ஏழைக்கும் ஒரு பிடி இருந்தது. சண்டைக்கு அவன் வந்தாக வேண்டும். கி.மு. 494இல் கடன் தொல்லை தாங்காத பிளீபியர்கள், அதாவது சாதாரணக் குடிகள், படைக்கு ஆள் தேவைப்பட்ட நேரம் பார்த்துக் கூட்டமாக ஊரைவிட்டு வெளியேறிப் புனித மலையில் போய் உட்கார்ந்துகொண்டார்கள் என்று ரோமானிய வரலாறு சொல்கிறது. நடந்ததில் எத்தனை பங்கு பிற்காலத்தார் சேர்த்த சரக்கு என்று பிரிப்பது கடினம். விளைவு கண்முன்னே இருக்கிறது: பிளீபியர்களைக் காப்பதற்கென்றே ட்ரிப்யூன் என்ற பதவி உண்டாயிற்று. ட்ரிப்யூனைத் தொட்டவன் தலை தப்பாது. 'கூடாது' என்று அவர் ஒரு சொல் சொன்னால் கான்சலின் ஆணையும் நின்றுபோகும். வேலைநிறுத்தம் செய்து பெற்ற உரிமை என்று இதைச் சொன்னால் பொருந்தும், நிறுத்திய வேலை சண்டை.

மேட்டுக்குடிக்கும் படையே ஏணி. பத்து ஆண்டுப் படைச்சேவை முடிக்காதவன் எந்த அரசியல் பதவிக்கும் நிற்க முடியாது என்று கி.மு. 2ஆம் நூற்றாண்டில் ரோமில் வாழ்ந்த கிரேக்க வரலாற்றாசிரியர் பாலிபியஸ் எழுதுகிறார். கான்சலுக்குப் பதவிக்காலம் ஓராண்டு. அதற்குள் ஒரு போர் நடத்தி வென்றால்தான் பேர். அரசியல்வாதிகள் எல்லோரும் படைத்தலைவர்களாகவும், எல்லோருக்கும் அவசரமாகவும் இருந்த நாட்டில் ஆண்டுதோறும் எங்காவது போர் நடந்ததில் வியப்பில்லை.

வென்றதால் வந்த வினை

கி.மு. 216இல் கானே என்ற இடத்தில் கார்தேஜ் நாட்டுத் தளபதி ஹனிபால் ஒரே நாளில் ஏறத்தாழ 50,000 ரோமானியர்களை வெட்டிச் சாய்த்தார். வேறு எந்த நாடாக இருந்தாலும் சரணடைந்திருக்கும். ரோம் அடுத்த படையைத் திரட்டியது. நிலமுள்ள குடிகளிலிருந்து ஆள் எடுத்துக்கொண்டே இருக்கலாம் என்ற ஏற்பாட்டின் பலம் அது.

வெற்றிகள் குவிந்த பிறகு வந்த சிக்கல்தான் பெரியது. கி.மு. 167இல், மாசிடோனியாவை வென்ற கையோடு, எமிலியஸ் பவுலஸின் படை எபிரஸ் பகுதியில் 70 ஊர்களை ஒரே நேரத்தில் சூறையாடி 1,50,000 பேரை அடிமைகளாக்கியது. அந்தப் போரில் கஜானாவுக்கு வந்து சேர்ந்த செல்வத்தால் அதே ஆண்டு முதல் ரோமானியக் குடிமக்களுக்கு நேரடி வரி நிறுத்தப்பட்டது. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். இத்தாலியின் பெரும் பண்ணைகளில் வேலை பார்க்க அந்த அடிமைகள் வந்தார்கள். ஸ்பெயினில் ஆண்டுக்கணக்கில் சண்டை போட்டுவிட்டுத் திரும்பிய சிறு விவசாயி, தன் வயல் பக்கத்துப் பண்ணைக்காரரிடம் போயிருப்பதைக் கண்டான். இது வழிவழியாகச் சொல்லப்படும் சித்திரம். நிலம் போனதைவிட மக்கள்தொகை பெருகி நிலம் துண்டாடப்பட்டதுதான் காரணம் என்று இன்றைய ஆய்வாளர்கள் சிலர் வாதிடுகிறார்கள். எப்படியானாலும் நிலமில்லாத குடிமக்கள் பெருகினார்கள். நிலமில்லாதவனைப் படைக்கு எடுக்க முடியாது என்பது சட்டம்.

கி.மு. 133இல் ட்ரிப்யூன் டைபீரியஸ் கிராக்கஸ் இதற்கு ஒரு வழி சொன்னார். பொதுநிலத்தில் ஒருவர் அனுபவிக்கும் பரப்புக்கு 500 யூகெரா, அதாவது சுமார் 310 ஏக்கர், என்ற பழைய உச்சவரம்பைக் கறாராக அமல்படுத்தி, மிச்சத்தை ஏழைகளுக்குப் பிரித்துக் கொடுப்பது. செனட்டர்கள் உடைந்த பெஞ்சுகளின் கால்களைப் பிடுங்கிக்கொண்டு வந்து அவரையும் ஆதரவாளர்கள் சுமார் 300 பேரையும் அடித்துக் கொன்று டைபர் ஆற்றில் வீசினார்கள். தம்பி கையஸ் கிராக்கஸ் சிப்பாய்க்கு உடுப்பை அரசே தர வேண்டும், சம்பளத்தில் பிடிக்கக் கூடாது, 17 வயதுக்குக் கீழே ஆள் எடுக்கக் கூடாது என்று சட்டம் போட்டார். அவரும் கி.மு. 121இல் மாண்டார். மெஸ்ஸியஸின் அங்கிக்கு 7 தெனாரியஸ் பிடித்ததைப் பார்த்தால் அந்தச் சட்டம் எத்தனை நாள் தாங்கியது என்று நீங்களே கணித்துக்கொள்ளலாம்.

வழி பிறந்தது வேறு பக்கத்தில். கி.மு. 107இல் கான்சல் ஆன மரியஸ், வட ஆப்பிரிக்கப் போருக்குச் சொத்தில்லாதவர்களையும் வரலாம் என்று அழைத்தார். பாடநூல்கள் இதை மரியஸின் மாபெரும் சீர்திருத்தம் என்று பாராட்டும். சொத்துத் தகுதி அதற்கு முன்பிருந்தே படிப்படியாகக் குறைந்து வந்தது. அவர் கடைசிப் படியைத் தாண்டினார், அவ்வளவே. ஆனால் அந்தப் படியைத் தாண்டிய பிறகு சிப்பாயின் நிலையே வேறாகிவிட்டது. திரும்பிப் போக வயல் கிடையாது. போர் முடிந்தால் நடுத்தெரு. அவனுக்கு நிலம் வாங்கிக் கொடுக்கச் செனட்டுக்கு மனமில்லை. வாங்கித் தருவேன் என்று சொன்னது அவனுடைய தளபதி. விசுவாசம் எந்தப் பக்கம் போகும்?

அந்தப் படையில் பாதிப்பேர் ரோமானியர்களே இல்லை என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். இத்தாலிய நேச நாட்டார் ரோமானியருக்குச் சமமாக, சில சமயம் அதற்கு மேலாகவும், ஆள் அனுப்பினார்கள். வாக்குரிமை கிடையாது. கேட்டுக் கேட்டுச் சலித்து கி.மு. 91இல் ஆயுதம் எடுத்தார்கள். கோர்பினியம் என்ற ஊரைத் தலைநகராக்கி, 'இத்தாலிகா' என்று பெயர் மாற்றி, சொந்தக் காசும் அடித்தார்கள். அந்தக் காசில் ஒரு காளை ஓநாயைக் கொம்பால் குத்திக் கிழிக்கிறது. ஓநாய் யார் என்று ரோமில் எந்தக் குழந்தையும் சொல்லும். தங்கள் ஊரை நிறுவியவருக்குப் பால் கொடுத்ததே அதுதானே. போரில் ரோம் வென்றது, கோரிக்கையில் நேச நாட்டார் வென்றார்கள். இத்தாலியர் அனைவருக்கும் குடியுரிமை வந்தது.

சுல்லா திரும்பிய நாள்

கி.மு. 88. கிழக்கே மித்ரடாட்டிஸ் மன்னன்மீது படையெடுக்கும் பொறுப்பு தளபதி சுல்லாவுக்கு. கொள்ளைக்குக் குறைவிருக்காத செல்வ நாடுகள் அவை. நோலா என்ற ஊரில் ஆறு லீஜியன்கள், அதாவது சில ஆயிரம் பேர் கொண்ட படைப்பிரிவுகள், பயணத்துக்குக் காத்திருந்தன. அந்த நேரத்தில் ரோமில் ஒரு ட்ரிப்யூன், பேரவை வாக்கெடுப்பில் அந்தப் பொறுப்பைப் பறித்துக் கிழவர் மரியஸுக்குக் கொடுத்துவிட்டார். சுல்லா சிப்பாய்களைக் கூட்டி நடந்ததைச் சொன்னார். மரியஸ் வந்தால் வேறு ஆட்களை எடுத்துக்கொண்டு போய்விடுவார், கொள்ளையில் பங்கு போய்விடும் என்பது அவர்களுக்குச் சட்டென்று விளங்கிவிட்டது. படையை ஒப்படைக்கச் சொல்லி வந்த அதிகாரிகளைக் கல்லால் அடித்துக் கொன்றார்கள். ரோமுக்கே நடத்திப் போங்கள் என்றார்கள். சுல்லாவின் உயர் அதிகாரிகளில் ஒருவரைத் தவிர மற்றவர்கள் இந்தப் பாவத்துக்கு உடன்படாமல் விலகினார்கள். அவர்கள் எல்லோரும் நிலபுலன் உள்ள வீட்டுப் பிள்ளைகள். சிப்பாய்கள் ஒருவரும் விலகியதாகத் தெரியவில்லை.

பொமேரியம் எல்லையைத் தாண்டி ரோமானியப் படை ரோமுக்குள் நுழைந்தது அன்றுதான். ஒருமுறை நடந்ததை மறுமுறை செய்வது எளிது. கி.மு. 82இல் மீண்டும் வென்று வந்த சுல்லா, கொல்லப்பட வேண்டியவர்களின் பெயர்களைப் பொது இடத்தில் பட்டியலாக ஒட்டினார். பட்டியலில் இருப்பவனைக் கொன்றால் பரிசு. அவன் சொத்து ஏலத்துக்கு வரும். தன்னோடு நின்ற பழைய வீரர்களுக்கு, எதிர்த்து நின்ற ஊர்களின் நிலத்தைப் பிடுங்கிக் கொடுத்தார். பொம்பெயி அப்படிப்பட்ட ஒரு ஊர். எரிமலைச் சாம்பலுக்கடியிலிருந்து மீண்ட அந்த ஊரின் வட்ட அரங்கை இன்று சுற்றுலாப் பயணிகள் வாய்பிளந்து பார்க்கிறார்கள். கி.மு. 70 வாக்கில் அதைக் கட்டியவர்கள் அங்கே குடியேற்றப்பட்ட சுல்லாவின் ஆட்களின் தலைவர்கள். நிலத்தை இழந்த பழைய பொம்பெயிக்காரர்கள் அதில் உட்கார்ந்து கேளிக்கை பார்த்தபோது என்ன நினைத்திருப்பார்களோ.

இதன் பிறகு அரை நூற்றாண்டு அரசியலை ஒரே வரியில் சொல்லலாம்: பழைய வீரர்களுக்கு யார் நிலம் கொடுப்பது. கிழக்கை வென்று கி.மு. 62இல் திரும்பிய பாம்பி, நல்ல பிள்ளையாகப் படையைக் கலைத்துவிட்டுச் செனட்டிடம் நிலம் கேட்டார். செனட் இழுத்தடித்தது. அவர் போய் சீசரோடும் கிராஸஸோடும் கைகோத்தார். சொந்த வருமானத்தில் ஒரு படையை வைத்துப் பராமரிக்க முடியாதவன் பணக்காரனே இல்லை என்று சொன்னவர் அந்த கிராஸஸ். சீசர் சிப்பாயின் ஆண்டுச் சம்பளத்தை இரட்டிப்பாக்கினார். அது 225 தெனாரியஸ் ஆயிற்று. கி.மு. 46இல் வெற்றி விழாக் கொண்டாடியபோது பழைய வீரர் ஒவ்வொருவருக்கும் 5,000 தெனாரியஸ் தந்தார் என்கிறார்கள். அது 20 ஆண்டுச் சம்பளத்துக்கும் மேல். ரோம் நகரத்துச் சாதாரணக் குடிமகனுக்கு அந்த விழாவில் கிடைத்தது 100.

பணம் மட்டும் போதாது, பாசமும் வேண்டும் என்பதும் சீசருக்குத் தெரியும். அதற்கு முந்தைய ஆண்டு அவருடைய லீஜியன்கள் கலகம் செய்து, எங்களை வீட்டுக்கு அனுப்புங்கள் என்று கூச்சலிட்டன. வழக்கமாகத் 'தோழர்களே' என்று அழைப்பவர், அன்று 'குடிமக்களே' என்று தொடங்கினார். உங்களை விடுவித்துவிட்டேன் என்றார். அந்த ஒரு சொல்லில் கலகம் அடங்கிப்போயிற்று. ஐந்நூறு ஆண்டுகளாகக் குடிமகன் என்பதும் போர்வீரன் என்பதும் ஒன்றாக இருந்த ஊரில், 'குடிமகன்' என்பது சிப்பாயைக் கூசவைக்கும் வசவாக மாறியிருந்தது. ரோமானியக் குடியரசு எப்போது செத்தது என்று கேட்டால் நான் இந்த நாளைத்தான் காட்டுவேன், சீசர் படையோடு ரூபிகான் ஆற்றைத் தாண்டிய நாளை அல்ல.

சீசர் கொலையுண்ட மறு ஆண்டு, இன்னும் 20 வயது நிரம்பாத, அவருடைய வாரிசான ஆக்டேவியன் தனக்குக் கான்சல் பதவி வேண்டும் என்று கேட்டுச் செனட்டுக்கு ஒரு சிப்பாய்க் குழுவை அனுப்பினார். செனட் தயங்கியது. குழுவின் தலைவனான கொர்னேலியஸ் என்ற செஞ்சூரியன் (நூற்றுவர் தலைவன்) மேலங்கியை விலக்கி வாளின் பிடியைக் காட்டி, நீங்கள் செய்யாவிட்டால் இது செய்யும் என்றான். செய்தது.

ஆக்டேவியனும் கூட்டாளிகளும் 18 இத்தாலிய ஊர்களின் நிலத்தைச் சிப்பாய்களுக்கு வாக்களித்தார்கள். வயலையும் வீட்டையும் இழந்தவர்கள் கொதித்தெழுந்தார்கள். பெருசியா நகரில் அது போராக வெடித்தது. அந்த முற்றுகையில் இருதரப்பும் கவணில் வைத்து எறிந்த ஈயக் குண்டுகள் மண்ணிலிருந்து கிடைத்துள்ளன. ஆக்டேவியனின் பின்புறத்தைக் குறித்தும், எதிர்த்தரப்பில் இருந்த மார்க் ஆண்டனியின் மனைவி புல்வியாவைக் குறித்தும் அவற்றில் பொறித்திருப்பதை இங்கே அச்சிட முடியாது.

பரம்பரைச் சொத்துக்கு ஐந்து சதவீதம்

ஆக்டேவியன்தான் பிறகு அகஸ்டஸ். எல்லாப் போட்டியாளர்களையும் ஒழித்தபின் அவர் முன் நின்ற கேள்வி, தன்னைப்போல் இன்னொருவன் கிளம்பாமல் பார்த்துக்கொள்வது எப்படி என்பது. சிப்பாயின் ஓய்வுப் பலனைத் தளபதிகள் கையிலிருந்து பிடுங்கினால் போதும் என்று சரியாகக் கணித்தார். முதலில் காசு கொடுத்து நிலம் வாங்கினார். இத்தாலி நிலத்துக்கு 60 கோடி செஸ்டர்ஸ், மாகாண நிலத்துக்கு 26 கோடி கொடுத்ததாகத் தன் சாதனைக் கல்வெட்டில் அவரே பீற்றிக்கொள்கிறார். (நான்கு செஸ்டர்ஸ் ஒரு தெனாரியஸ்.) கி.பி. 6இல் நிரந்தர ஏற்பாடு வந்தது: படைக்கென்று தனிக் கருவூலம். தன் சொந்தப் பணம் 17 கோடியைப் போட்டுத் தொடங்கிவைத்தார். லீஜியன் சிப்பாய் 20 ஆண்டு வேலை பார்த்தால் 12,000 செஸ்டர்ஸ் ரொக்கமாகக் கிடைக்கும். ஏறக்குறைய 13 ஆண்டுச் சம்பளம். இன்றைய கிராஜுவிட்டியோடு ஒப்பிட்டால் தாராளம்தான்.

பணம் எங்கிருந்து? ரோமானியக் குடிமக்களின் பரம்பரைச் சொத்துக்கு 5 சதவீத வரி, ஏல விற்பனைக்கு 1 சதவீதம். நெருங்கிய உறவினருக்கும் ஏழைகளுக்கும் விலக்கு. வழக்கமான நேரடி வரி இல்லாமலே 170 ஆண்டுகளுக்கு மேல் பழகிப்போன செனட்டர்கள் துள்ளிக் குதித்தார்கள். கி.பி. 13இல் முணுமுணுப்பு முற்றியபோது அகஸ்டஸ் அமைதியாக, சரி, இதற்குப் பதிலாக நிலங்களுக்கும் வீடுகளுக்கும் வரி போட்டுவிடலாம் என்று சொல்லி, ஊர் ஊராக அளக்க ஆட்களையும் அனுப்பிவிட்டார். செனட்டர்கள் ஐந்து சதவீதமே மேல் என்று அடங்கினார்கள்.

காகிதத்தில் அழகான ஏற்பாடு. களத்தில் எப்படி இருந்தது என்பது கி.பி. 14இல் அகஸ்டஸ் இறந்ததும் தெரிந்தது. டான்யூப், ரைன் இரு எல்லைகளிலும் கலகம். வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் சிப்பாய்களின் குறைகளை வரிசையாகப் பதிவு செய்கிறார்: உடம்பும் உயிரும் நாளுக்குப் பத்து அஸ் காசுக்கு அடமானம், அதிலும் உடுப்பு, ஆயுதம், கூடாரம் எல்லாம் எங்கள் செலவு, செஞ்சூரியனுக்கு லஞ்சம் கொடுத்தால்தான் அடியிலிருந்தும் வேலையிலிருந்தும் தப்பலாம், முப்பது நாற்பது ஆண்டு கழித்து விட்டால் நிலம் என்ற பெயரில் சேற்றையும் மலைச்சரிவையும் தருகிறார்கள். லூசிலியஸ் என்ற செஞ்சூரியனுக்கு 'இன்னொன்று கொண்டா' என்று பட்டப்பெயர். சிப்பாயின் முதுகில் திராட்சைக் கொடிப் பிரம்பு ஒடியும்போதெல்லாம் அப்படிக் கத்துவாராம். கலகத்தில் முதலில் செத்தவர்களில் அவரும் ஒருவர். ரைன் எல்லையில் இளவரசர் ஜெர்மானிக்கஸ் பேச வந்தபோது, கையை முத்தமிடுவதுபோல் வாங்கிய கிழச் சிப்பாய்கள் அவருடைய விரல்களைத் தங்கள் வாய்க்குள் வைத்துக்கொண்டார்கள். ஈறு மட்டுமே இருப்பதை அவர் தொட்டு உணரட்டும் என்று.

அகஸ்டஸ் படையை 28 லீஜியன்களாகக் குறைத்து எல்லைகளுக்கு அனுப்பியதில் நாட்டின் உருவமே மாறியது. ஐந்நூறு ஆண்டு சிப்பாய்களை அளித்த இத்தாலி மெல்ல மெல்ல ஆயுதம் எடுக்காத, வரிக்கு மட்டும் முணுமுணுக்கிற தேசமாயிற்று. படையில் கோல் (இன்றைய பிரான்ஸ் பகுதி), ஸ்பெயின், சிரியா, ஆப்பிரிக்கா ஆட்கள் சேர்ந்தார்கள். பாசறையைச் சுற்றிக் கடைகள், மதுக்கூடங்கள், குடிசைகள் முளைத்து ஊராயின. வியன்னா, புடாபெஸ்ட், மைன்ஸ், யார்க் எல்லாம் அப்படி வந்தவை. ஸ்பெயினில் உள்ள லியோன் நகரத்தின் பெயர் 'லீஜியன்' என்ற சொல்லின் தேய்வு.

சிப்பாய்க்குச் சேவைக்காலத்தில் சட்டப்படி கல்யாணம் கூடாது. கூடவே வாழ்ந்தார்கள், பிள்ளை பெற்றார்கள். பிள்ளைகள் சட்டத்தின் கண்ணில் தந்தையற்றவர்கள். குடியுரிமை இல்லாத துணைப்படை வீரனுக்கு 25 ஆண்டு முடிந்ததும் இரட்டை வெண்கலத் தகட்டில் குடியுரிமைச் சான்று கொடுப்பார்கள். இத்தகைய தகடுகள் நூற்றுக்கணக்கில் கிடைத்திருக்கின்றன. கி.பி. 140 வரை அதில் பிள்ளைகளுக்கும் சேர்த்துக் குடியுரிமை உண்டு. கல்யாணத் தடை நீங்கியது கி.பி. 197 வாக்கில்தான். அதிகாரிகளுக்கு இந்தத் தடை இல்லை. பிரிட்டனின் வடக்கு எல்லையில் வின்டோலாண்டா கோட்டையில் கிடைத்த மெல்லிய மரப்பலகைக் கடிதங்களில், கி.பி. 100 வாக்கில் கிளாடியா செவேரா என்ற தளபதி மனைவி இன்னொரு தளபதி மனைவிக்கு, செப்டம்பர் 11ஆம் தேதி என் பிறந்தநாளுக்குக் கட்டாயம் வா என்று எழுதுகிறார். பெண் கைப்பட எழுதியதாகக் கிடைத்திருக்கும் மிகப் பழைய லத்தீன் வரிகளில் அவையும் அடக்கம். அதே குவியலில், காலுறையும் உள்ளாடையும் அனுப்பியிருக்கிறேன் என்று ஒரு கடிதம். நம் ஆட்களுக்குப் பீர் தீர்ந்துவிட்டது, அனுப்பச் சொல்லுங்கள் என்று இன்னொன்று.

எல்லா ஊரிலும் இப்படிச் சுமுகமாக இல்லை. கி.பி. 49இல் பிரிட்டனின் கோல்செஸ்டரில் குடியேறிய ஓய்வுபெற்ற வீரர்கள் உள்ளூர் மக்களை வீட்டிலிருந்தும் வயலிலிருந்தும் விரட்டினார்கள். பத்துப் பன்னிரண்டு ஆண்டில் ராணி பூடிக்கா அந்த ஊரைக் கொளுத்தியபோது படிந்த சாம்பல் அடுக்கு இன்றும் அங்கே தோண்டினால் தெரிகிறது.

மிளகும் வெள்ளியும்

சிப்பாய்க்குச் சம்பளம் கொடுப்பவர் பேரரசர் ஒருவர்தான் என்று ஆனதும், அவரை ஏலம் விட முடியும் என்பதும் சிப்பாய்க்குப் புரிந்துவிட்டது. கி.பி. 41இல் பேரரசரின் மெய்க்காவலான பிரிட்டோரியக் காவற்படை திரைச்சீலைக்குப் பின்னால் ஒளிந்திருந்த கிளாடியஸைக் கண்டுபிடித்துப் பேரரசராக்கியது. ஆளுக்கு 15,000 செஸ்டர்ஸ் வாங்கிக்கொண்டது. நான் சிப்பாயைத் தேர்ந்தெடுப்பேன், விலைக்கு வாங்க மாட்டேன் என்ற பேரரசர் கால்பா ஏழு மாதத்தில் தலையிழந்தார். கி.பி. 193இல் நிஜமாகவே ஏலம் நடந்தது. பேரரசர் பெர்டினாக்ஸை 87 நாளில் கொன்ற காவற்படை பாசறை மதில்மேல் நின்று விலை கேட்க, டிடியஸ் ஜூலியானஸ் ஆளுக்கு 25,000 என்று ஏற்றி எடுத்தார். 66 நாள் ஆண்டார்.

அவருக்குப் பின் வந்த செப்டிமியஸ் செவேரஸ், மகன்களுக்குச் சாகும்போது சொன்னதாக வரலாற்றாசிரியர் டியோ எழுதிவைத்திருப்பது இது: ஒற்றுமையாக இருங்கள், சிப்பாய்களைச் செல்வராக்குங்கள், மற்றவர்களைப் பொருட்படுத்தாதீர்கள். சம்பளத்தை உயர்த்தினார். உயர்த்த வெள்ளி போதவில்லை. வெள்ளிக்காசில் செம்பைக் கலந்தார். ஏறக்குறைய பாதிக்குப் பாதி.

காசின் இந்தத் தேய்மானத்துக்கு நம் பக்கமும் ஒரு சாட்சி உண்டு. தமிழகத்தில் புதையலாகக் கிடைக்கும் ரோமானிய வெள்ளிக்காசுகளில் பெரும்பாலானவை அகஸ்டஸ், டைபீரியஸ் காலத்து நல்ல வெள்ளி. கி.பி. 64இல் நீரோ எடையையும் தரத்தையும் குறைத்த பிறகு வெள்ளிக்காசு வரத்து சுருங்கிவிடுகிறது. இலங்கை மன்னர் ஒருவர், வெவ்வேறு தலை பொறித்திருந்தும் எல்லாத் தெனாரியஸும் ஒரே எடை இருக்கிறதே என்று ரோமானியர் நேர்மையை மெச்சியதாக ரோமானிய எழுத்தாளர் பிளினி பெருமையாகச் சொல்கிறார். நம் வணிகர்கள் எடைபோட்டுப் பார்த்துத்தான் வாங்கினார்கள். முசிறியிலிருந்து போன ஒரே கப்பலின் சரக்குக் கணக்கு கி.பி. 2ஆம் நூற்றாண்டுப் பாப்பிரஸில் இருக்கிறது. மதிப்பு 70 லட்சம் செஸ்டர்ஸை ஒட்டி. அதில் கால்பங்கு சுங்கம் ரோமானிய அரசுக்கு. அன்றைய சம்பளத்தில் கணக்கிட்டால் அந்த ஒரு கப்பலின் சுங்கத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட சிப்பாய்களுக்கு ஓராண்டுக்குப் படியளக்கலாம். மிளகைத் தின்ற சீமான்கள் அறியாமலே எல்லைக் காவலுக்குக் கப்பம் கட்டிக்கொண்டிருந்தார்கள்.

செவேரஸின் மகன் காரகல்லா அப்பாவின் அறிவுரையில் முதலாவதைத் தம்பியைக் கொன்று மீறினார், இரண்டாவதை அப்படியே பின்பற்றினார். இன்னும் சம்பள உயர்வு. உலகத்தில் என்னைத் தவிர யாரிடமும் பணம் இருக்கக் கூடாது, எனக்கும் அது சிப்பாய்களுக்குக் கொடுப்பதற்கே என்பாராம். கஜானா காலி என்று தாய் ஜூலியா டோம்னா கண்டித்தபோது வாளைக் காட்டி, இது இருக்கும்வரை பணத்துக்குப் பஞ்சமில்லை என்றாராம். கி.பி. 212இல் பேரரசில் இருந்த சுதந்திர மனிதர் ஏறத்தாழ அனைவரும் ரோமானியக் குடிமக்கள் என்று அறிவித்தார். எகிப்தியப் பாப்பிரஸ்களில் திடீரென்று எங்கு பார்த்தாலும் ஔரேலியஸ் என்ற குடும்பப் பெயர். காரகல்லாவின் பெயர் அது. உலகைக் குடிமக்களாக்கிய பெருந்தன்மை என்று இதைக் கொண்டாடுகிறவர்கள் உண்டு. அந்தக் காலத்தில் செனட்டராக இருந்த டியோ கொண்டாடவில்லை. பரம்பரைச் சொத்து வரி குடிமக்களுக்கு மட்டும்தானே, அதைக் கட்ட ஆள் சேர்க்கிறார் என்று எழுதினார். அந்த வரியை ஐந்திலிருந்து பத்து சதவீதமாக உயர்த்தியவரும் காரகல்லாதான். டியோவுக்கு அவரைக் கண்டாலே ஆகாது என்பதைக் கழித்துக்கொண்டு பார்த்தாலும் கணக்கு உதைக்கவில்லை. தன் காசில் ஈட்டி வாங்கிச் சண்டைக்குப் போனவனுக்கு ஒருகாலத்தில் இருந்த பெயர், இப்போது சிப்பாய்க்குச் சம்பளம் கட்டுகிறவனுக்கு வந்துவிட்டது.

கி.பி. 217 ஏப்ரலில் கார்ஹே நகருக்குப் போகும் வழியில் காரகல்லா குதிரையிலிருந்து இறங்கிச் சாலையோரம் ஒதுங்கியபோது, செஞ்சூரியன் பதவி கிடைக்காத கோபத்தில் இருந்த மார்ஷியாலிஸ் என்ற சிப்பாய் குத்திக் கொன்றான். பின்னால் இருந்து இயக்கிய காவற்படைத் தலைவர் மாக்ரினஸ் பேரரசரானார். செனட்டில் ஒருநாளும் உட்காராத முதல் பேரரசர் அவர். கணக்கு தெரிந்த மனிதர். பழைய சிப்பாய்களின் சம்பளத்தில் கைவைக்காமல், புதிதாகச் சேருகிறவர்களுக்கு மட்டும் செவேரஸ் காலத்துப் பழைய விகிதம் என்று ஆணையிட்டார். அடுத்தது நமக்குத்தான் என்று பழையவர்களுக்குப் புரிந்தது. காரகல்லாவின் உறவுக்காரப் பையன் ஒருவன் சிரியாவில் இருந்தான், வயது 14. அவனுடைய பாட்டியிடம் பணம் இருந்தது. மாக்ரினஸ் 14 மாதம் ஆண்டார்.